ரதியின் காலில் நீலக் கோடு

சித்தப்பாவின் காலில் நான் கோடு போட்டது பாசத்தினால் அல்ல. பிற்பாடு எங்கள் லயத்தில், தோட்டத்து வரிசை வீடுகளில், அப்படித்தான் கதை கட்டினார்கள். சின்னப் பிள்ளைக்கு எப்படித்தான் தோன்றியதோ, மாரியாத்தாவே கையைப் பிடித்துப் போட வைத்திருக்கிறாள் என்றார்கள். நான் மறுத்துப் பேசவில்லை. பத்து வயதில் என்னை யாராவது பெருமையாகச் சொன்னால் அதைத் திருத்துகிற அளவுக்கு நேர்மை எனக்கு இல்லை. உண்மை என்னவென்றால் எனக்கு அந்த வீக்கத்தின் மேல் ஆசை வந்துவிட்டது. அது எங்கேயிருந்து வருகிறது, உள்ளே என்ன இருக்கிறது, நாளைக்கு எவ்வளவு தூரம் போகும் என்று பார்க்க வேண்டும் போல் இருந்தது.

அது என் குணம். மழை விட்டதும் லயத்துச் சிமெந்து வாசலில் தேங்கும் தண்ணீரைச் சுற்றிக் கரித்துண்டால் கோடு போட்டுவிட்டுப் பள்ளிக்கூடம் போவேன். திரும்பி வந்து எவ்வளவு வற்றியிருக்கிறது என்று பார்ப்பேன். எதிலாவது மூக்கை நுழைக்காவிட்டால் இவளுக்குச் சோறு இறங்காது என்று அம்மா சலித்துக்கொள்வாள். அவள் சொன்னதில் தப்பில்லை.

எங்கள் தோட்டம் டயகமவுக்குப் போகும் பாதையில் இருந்தது. மேல் டிவிசன், கீழ் டிவிசன் என்று இரண்டு. நடுவில் ஓர் ஆறு, அதன் மேல் ஒரு பாலம். நாங்கள் மேல் டிவிசன். அப்பா வேலை செய்த ஸ்டோர் என்கிற தேயிலைத் தொழிற்சாலை, கோயில், பள்ளிக்கூடம் எல்லாம் எங்கள் பக்கம். கடை, பஸ் நிற்கும் இடம், மருந்து கொடுக்கும் டிஸ்பென்சரி மூன்றும் பாலத்துக்கு அந்தப் பக்கம். இந்தப் பாலத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், எல்லாம் அதில்தான் மாட்டிக்கொண்டது.

அந்த வருஷம் மாசியில் காமன் கூத்துக்குச் சித்தப்பாதான் ரதி. சிவன் கண்ணைத் திறந்து மன்மதனை எரித்த கதைதான் கூத்து. கம்பம் நட்டு, மன்மதனாக ஒருவருக்கும் ரதியாக ஒருவருக்கும் கையில் காப்புக் கட்டிவிட்டால், மன்மதன் எரியும் நாள் வரை இருவரும் பொழுது சாயும் நேரத்தில் லயம் லயமாகப் போய் ஆட வேண்டும். ரதி வேஷம் கட்டுவதும் ஆண்பிள்ளைதான். எங்கள் குடும்பத்தில் சித்தப்பா ஒருவர்தான் நல்ல சிவப்பு. மெலிந்த இடுப்பு. சேலை கட்டிப் பின்னல் வைத்து நின்றால் கல்யாணமான பெண்களே ஒரு நிமிஷம் பொறாமையாகப் பார்ப்பார்கள். அவருக்கு அது தெரியும். வேண்டுமென்றே அவர்கள் பக்கம் திரும்பி முகத்தை ஒரு வெட்டு வெட்டிக் காட்டுவார்.

காப்புக் கட்டியவர்களுக்குக் கட்டுப்பாடு உண்டு. கறி மீன் ஆகாது. தனிப் பாயில் படுக்க வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலே, டிவிசன் எல்லையைத் தாண்டக் கூடாது. தாண்டினால் தாண்டியவருக்கு மட்டுமல்ல, டிவிசனுக்கே ஆகாது என்பது பேச்சு. மேல் டிவிசனுக்குள் வேலைக்குப் போகலாம், வரலாம். பாலத்தில் கால் வைக்கக் கூடாது.

அப்பாவுக்கு இதில் எதுவுமே பிடிக்காது. அவர் ஸ்டோரில் மிஷின் பார்க்கிறவர். கொழுந்து அரைக்கிற மிஷினில் ஒரு நட்டு தளர்ந்தால் சத்தத்திலேயே கண்டுபிடித்துவிடுவார். சிரிப்பது குறைவு. அந்தக் குறையை மீசையால் ஈடுகட்டியிருந்தார். அப்படி ஒரு மீசை. தன் தம்பி முகத்துக்குப் பவுடர் பூசிக்கொண்டு இடுப்பை ஆட்டுவதைப் பார்க்கப் பிடிக்காமல் கூத்து நாட்களில் ஸ்டோரிலேயே நேரத்தைக் கழிப்பார். காம்பரா என்ற ஒற்றை அறைகளில் பக்கத்துப் பக்கத்தில் இருந்தும், அந்த மாசி மாதம் முழுக்க இருவருக்கும் பேச்சுவார்த்தை அம்மா மூலமாகத்தான்.

காப்புக் கட்டி நாலாம் நாள் சித்தப்பா கவ்வாத்து மலைக்கு வேலைக்குப் போனார். கவ்வாத்து என்றால் தேயிலைச் செடியை முழங்கால் உயரத்துக்கு வெட்டிவிடுவது. வெட்டிய கிளைகள் சாய்வான முனையோடு வானத்தைப் பார்த்து நிற்கும். இறக்கத்தில் கால் வழுக்கி, ஒரு முனை அவருடைய வலது கணுக்காலுக்குக் கொஞ்சம் கீழே, வெளிப்பக்கமாகப் பாய்ந்துவிட்டது. தானே பிடுங்கிப் போட்டுவிட்டு, தேயிலைக் கொழுந்தை மென்று அப்பிக்கொண்டு, மிச்ச வேலையையும் முடித்துவிட்டு வந்தார். சாயந்திரம் ஆடினார். டிஸ்பென்சரிக்குப் போய் ஒரு மருந்து போட்டுக்கொண்டு வந்தால் என்ன என்று அம்மா கேட்டாள். டிஸ்பென்சரி பாலத்துக்கு அந்தப் பக்கம் இருக்கிறது, ரதி எப்படிப் போவாள் என்று முகத்தை வெட்டினார். அம்மாவும் சிரித்துவிட்டாள்.

மறுநாள் நான் பள்ளிக்கூடம் விட்டு வந்தபோது சித்தப்பா தன் காம்பராவில் பாயில் படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தார். அம்மா கொழுந்து எடுக்கப் போயிருந்தாள். அவருடைய வலது கால் போர்வைக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. நான் குனிந்து பார்த்தேன். கணுக்காலைச் சுற்றி ஓர் உள்ளங்கை அகலத்துக்குச் சிவப்பு. தோல் பளபளவென்று இழுத்துக் கட்டிய மாதிரி இருந்தது. புறங்கையை வைத்துப் பார்த்தேன், அடுப்பிலிருந்து இறக்கி வைத்த சட்டி போல் சூடு. மற்றக் காலைத் தொட்டேன், அது சாதாரணமாக இருந்தது. ஒரே ஆளின் ஒரு கால் சூடாகவும் ஒரு கால் குளிராகவும் இருக்க முடியும் என்பது எனக்குப் புதுச் செய்தி.

கட்டைவிரலால் அந்தச் சிவப்பை லேசாக அழுத்தினேன். விரலை எடுத்ததும் அந்த இடம் வெளுத்துக் கிடந்தது. பிறகு ஓரத்திலிருந்து மெல்ல மெல்லச் சிவப்பு திரும்பி வந்து நிறைந்தது. எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. இன்னும் நாலு இடத்தில் அழுத்திப் பார்த்தேன். பிறகு பள்ளிக்கூடப் பையிலிருந்து நீலப் பேனாவை எடுத்து, சிவப்பு எங்கே முடிகிறதோ அந்த ஓரமாகவே, வாசல் தண்ணீருக்குப் போடுவது போல, ஒரு கோடு சுற்றிப் போட்டேன். மூட்டு திரும்பும் இடத்தில் கோடு கோணியது. எச்சில் தொட்டு அழித்துத் திருப்பிப் போட்டபோது சித்தப்பா விழித்துவிட்டார்.

“என்னாடி பண்ற?”

“ஒங்க வீக்கத்துக்கு எல்லை போடுறேன்” என்றேன்.

அவர் காலைத் தூக்கிப் பார்த்தார். திட்டுவார் என்று நினைத்தேன். “போடு போடு. இந்த எல்லைய அதுவும் தாண்டக் கூடாது, தாண்டுனா சாமி குத்தம்” என்று சிரித்தார். அதோடு ஓர் ஒப்பந்தமும் செய்தார். இதை அப்பாவிடம் சொல்லக் கூடாது. சொல்லாமல் இருந்தால் தினமும் ரதிக்குச் சலங்கை கட்டும் வேலை எனக்கு. அந்த வேலைக்காக லயத்துப் பிள்ளைகள் எல்லாம் அடித்துக்கொள்வார்கள். நான் சத்தியம் செய்தேன்.

அன்றைக்குச் சாயந்திரம் அவர் மஞ்சளையும் சுண்ணாம்பையும் குழைத்து இரண்டு கால்களிலும் நலங்கு பூசினார். மஞ்சளும் சுண்ணாம்பும் சேர்ந்தால் இரத்தச் சிவப்பாகிவிடும். வழக்கமாகப் பாதத்தின் ஓரத்தில்தான் பூசுவார்கள். சித்தப்பா கணுக்காலுக்கு மேலே வரை பூசினார். புது மாதிரி என்று பெண்கள் மெச்சினார்கள். அடியில் இருந்த சிவப்பு யாருக்கும் தெரியவில்லை. சலங்கை வலது காலில் ஏறவில்லை, அதனால் இடது காலுக்கே இரண்டையும் கட்டினேன். ஆடும்போது வலது காலை மெதுவாக, நுனியை மட்டும் ஊன்றி எடுத்து வைத்தார். வலிக்குத்தான் அப்படி. ஆனால் கூட்டத்தில், இந்த வருஷம் ரதி நடையில் ஒரு தளுக்கு வந்திருக்கிறது பார் என்று பேசிக்கொண்டார்கள். பக்கத்தில் நின்ற எனக்குச் சிரிப்பு வந்தது. அந்தச் சிரிப்பை நினைத்தால் இப்போது வெட்கமாக இருக்கிறது.

அடுத்த நாள் மத்தியானம் ஓடி வந்து பார்த்தேன். அவர் வேலைக்குப் போகவில்லை. வயிற்று வலி என்று சொல்லியிருந்தார். நலங்கு காய்ந்து கால் முழுக்க ஒரே சிவப்பாகக் கிடந்தது. என் கோடு அடியில் மங்கலாகத் தெரிந்தாலும், உள்ளே இருக்கும் சிவப்பு எது, பூசிய சிவப்பு எது என்று பிரிக்க முடியவில்லை. என் பரிசோதனையை இப்படிக் கெடுத்துவிட்டாரே என்று எரிச்சல் வந்தது. அப்போதுதான் அழுத்திப் பார்க்கும் யோசனை வந்தது. நலங்குச் சிவப்பை அழுத்தினால் அப்படியே இருக்கும். அடியிலிருந்து வந்த சிவப்பென்றால் வெளிறிப் போய்த் திரும்பி வரும். விரல் விரலாக அழுத்திக்கொண்டே போனேன். எல்லை என் கோட்டைத் தாண்டி இரண்டு விரல் மேலே போயிருந்தது. அங்கே இரண்டாவது கோடு போட்டேன். நானே கண்டுபிடித்த வித்தை என்பதால் நெஞ்சு நிமிர்ந்தது.

அன்றைக்கு அவரை நான் கேட்ட கேள்விகளுக்கு அளவில்லை. வீக்கத்துக்குள் இருப்பது தண்ணீரா, இரத்தமா? அது எங்கேயிருந்து வந்தது? மற்றக் காலிலிருந்து வந்ததென்றால் அந்தக் கால் மெலிய வேண்டுமே? அம்மாவின் தையல் நூலை எடுத்து இரண்டு கெண்டைக்காலையும் அளந்தேன். மற்றக் கால் மெலியவில்லை. அடுத்த நாளும் அளந்து பார்க்கலாம் என்று நூலில் முடிச்சுப் போட்டு வைத்தேன்.

“எல்லாம் ரதியோட கண்ணீர்டி. கண்ணால வர வேண்டியது கால்ல எறங்கிருச்சு” என்றார் சித்தப்பா. அவரிடம் எதைக் கேட்டாலும் இப்படித்தான்.

இப்போது நான் ஓர் ஆஸ்பத்திரியின் பரிசோதனைக்கூடத்தில் வேலை செய்கிறேன். நாள் முழுக்க மற்றவர்களின் இரத்தத்தைக் கண்ணாடிச் சில்லில் தடவி வெள்ளையணுக்களைப் பார்ப்பதுதான் தொழில். அன்று கேட்ட கேள்விகளுக்கெல்லாம் இன்று பதில் தெரியும். முள்ளோ குச்சியோ ஏறி, கூடவே கிருமியும் நுழைந்துவிட்டால், அந்த இடத்துச் சதை ஒரு கூச்சல் போடுகிறது. உடனே சுற்றியிருக்கும் நுண்ணிய இரத்தக் குழாய்கள் விரிகின்றன. இரத்தம் அதிகமாக வருகிறது, அதனால்தான் சிவப்பும் சூடும். குழாய்களின் சுவர் தளர்ந்து இடைவெளி விடுகிறது. அதன் வழியாக இரத்தத்தில் இருக்கும் நீர் வெளியே கசிகிறது. வீக்கம் அந்த நீர்தான். மற்றக் காலிலிருந்து எதுவும் வருவதில்லை. அதே இடைவெளியில் வெள்ளையணுக்கள் உடலை ஒடுக்கி நெளிந்து வெளியே வந்து, கூச்சல் வந்த திசையில் ஊர்ந்து போய்க் கிருமியை விழுங்குகின்றன. விழுங்கிச் செத்தவைதான் சீழ். வலி எதற்கென்றால், அந்தக் காலை ஊன்றாதே, சும்மா இரு என்று சொல்வதற்கு. இதற்கு அழற்சி என்று பெயர்.

ஒருமுறை எங்கள் பின் லயத்தில் ஒரு காம்பரா தீப்பிடித்தது. வாளியும் குடமுமாக டிவிசனே ஓடி வந்து தீயை அணைத்தது. ஓடி வந்த கால்கள் மிதித்ததில் அம்மாவின் முட்டைக்கோவாத் தோட்டம் சேறாகிவிட்டது. அழற்சியும் அப்படித்தான். நாம் காலில் பார்க்கிற சிவப்பும் வீக்கமும் பெரும்பாலும் தீ அல்ல, அணைக்க வந்தவர்களின் கூட்டம். ஆனால் கூட்டம் காம்பராவுக்குக் காம்பரா தள்ளிக்கொண்டே போகிறதென்றால் தீ அவர்களை முந்திக்கொண்டு ஓடுகிறது என்று அர்த்தம். சித்தப்பாவின் காலில் ஒரு துண்டுக் குச்சி உள்ளேயே தங்கியிருந்தது. அதை வைத்துக்கொண்டு அவர் ஆடினார். ஓய்வெடு என்று கால் சொல்லச் சொல்ல, ஒவ்வொரு அடியிலும் கிருமியை மேலே தள்ளிவிட்டார்.

எனக்கு அன்று இதெல்லாம் தெரியாது. கோடு தாண்டினால் எனக்கு வெற்றி, அவ்வளவுதான்.

மூன்றாம் நாள் சனிக்கிழமை. காலையிலேயே போய்விட்டேன். சித்தப்பா இரண்டு கம்பிளியைப் போர்த்திக்கொண்டு பல் தந்தியடிக்கக் கிடந்தார். காலை விலக்கி அழுத்திப் பார்த்தேன். சிவப்பு இரண்டாவது கோட்டைத் தாண்டி மூன்று விரல் போயிருந்தது. அதற்கும் மேலே, நலங்கு பூசாத கெண்டைக்காலில், குங்குமத்தைத் தொட்டு இழுத்தது போல் ஒரு மெல்லிய சிவப்புக் கீற்று முழங்காலை நோக்கி ஏறியது. நான் மூன்றாவது கோட்டைப் போட்டுவிட்டு, “சித்தப்பா, இன்னைக்கு மூணு வெரல்! அதுக்கு வாலு மொளைச்சிருக்கு!” என்று கத்தினேன்.

கேலி வரும் என்று அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். கண்கள் திறந்திருந்தன, ஆனால் என்னைப் பார்க்கவில்லை. பிறகு தொடையிடுக்கைக் கையால் பிடித்துக்கொண்டு, “நெறி கட்டிருச்சு பாப்பா, தண்ணி குடு” என்றார். சித்தப்பா கேலி செய்யாமல் ஒரு வார்த்தை பேசி அன்றுதான் கேட்டேன். எனக்குப் பயம் வந்துவிட்டது. தண்ணீரைக் கொடுத்தேன். பாதி நெஞ்சில் சிந்தியது.

வெளியே வந்து வாசலில் கொஞ்ச நேரம் நின்றேன். சத்தியம் செய்திருக்கிறேன். சொன்னால் சலங்கை போய்விடும். இதையும் நான் நினைத்தேன் என்பதை மறைக்க விரும்பவில்லை. பிறகு ஸ்டோருக்கு ஓடினேன்.

மிஷின் சத்தத்தில் நான் சொன்னது அப்பாவுக்கு முதலில் கேட்கவில்லை. கேட்டதும் தேயிலைத் தூசியோடு அப்படியே வந்தார். வழி முழுக்கத் திட்டிக்கொண்டே வந்தார், என்னையும், கூத்தையும், காமனையும். காம்பராவுக்குள் போய்க் கம்பிளியை இழுத்துப் பார்த்தவர், “சாயத்தைப் பூசி வச்சுக்கிட்டு வேசம் போடுறியா?” என்று கத்தினார்.

“சாயம் இல்லப்பா” என்று நான் உட்கார்ந்து, என் கட்டைவிரலை மூன்றாவது கோட்டுக்குள் வைத்து அழுத்தினேன். எடுத்தேன். வெளிறிய இடம் நிறைந்து திரும்பிச் சிவந்தது. இன்னோர் இடத்தில் அழுத்திக் காட்டினேன். அப்பா கத்துவதை நிறுத்தியது அப்போதுதான். தம்பியின் கழுத்தில் கை வைத்துச் சூட்டைப் பார்த்தார். “எந்திரிடா, டிஸ்பென்சரிக்குப் போவோம்” என்றார்.

“மாட்டேன்ணே. காப்பு இருக்கு.”

“காப்பாவது கத்திரிக்காயாவது!”

“நான் பாலத்தத் தாண்டி, நாளைக்கி டிவிசன்ல ஒரு புள்ளைக்கி ஒன்னு ஆனா? என்னையத்தானேண்ணே சொல்லுவாங்க. நானே சொல்லிக்குவேன்.”

அப்பா தூக்கிக்கொண்டு போகப் பார்த்தார். அந்தக் காய்ச்சலிலும் சித்தப்பா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு விடவில்லை. அதற்குள் லயம் கூடிவிட்டது. காப்பை அறுத்துவிடு என்று சிலர், ரதியில்லாமல் கம்பம் நின்றால் ஊருக்கு ஆகாது என்று சிலர். அப்பா பாலத்தை நோக்கி ஓடினார். அரை மணி நேரத்தில் ஓர் ஆட்டோவில் டிஸ்பென்சரி ஐயாவை ஏற்றிக்கொண்டு வந்தார். அவர் யாழ்ப்பாணத்துக்காரர். முழு டாக்டர் இல்லை என்றாலும் எங்கள் எல்லோருக்கும் அவர்தான் டாக்டர் ஐயா.

அவர் காலைப் பார்த்தார். மூக்குக்கண்ணாடியைத் தூக்கிவிட்டு இன்னும் குனிந்து பார்த்தார். “இந்தக் கோடுகள் ஆர் கீறினது?” என்றார்.

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அம்மாவின் சேலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். அடிதான் விழப்போகிறது என்று நினைத்தேன்.

“பயப்பிடாமல் வா பிள்ளை. எந்தக் கோடு எண்டைக்குக் கீறினனீ?”

வியாழன், வெள்ளி, இன்றைக்குக் காலை என்று தொட்டுக் காட்டினேன். அவர் கோடுகளுக்கு இடையில் விரல்களை வைத்துப் பார்த்தார், பிறகு அந்தச் சிவப்புக் கீற்றை முழங்கால் வரை தடவிப் பார்த்தார். எழுந்து, அப்பாவைத் தனியாகக் கூப்பிடாமல், எல்லோர் முன்னாலும் சொன்னார்: “என்னட்ட இருக்கிற மருந்துக்கு இது அடங்காது. இப்பவே பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டு போங்கோ. இரத்தத்தில கலந்திட்டுது எண்டால் காலோட நிக்காது.”

கூத்து மாஸ்டர் முன்னால் வந்தார். தாடியைத் தடவிக்கொண்டு, காப்பை அவிழ்த்துக் கீழே போடத்தான் கூடாது, அதே இரத்தத்துக்கு மாற்றிக் கட்டலாம் என்றார். இந்த விதி எந்த ஏட்டில் இருக்கிறது என்று யாரும் கேட்கவில்லை. அதற்கு முன்னும் பின்னும் அப்படி ஒரு விதியை நான் கேள்விப்பட்டதே இல்லை. அதே இரத்தம் என்றால் அங்கே ஓர் ஆள்தான் இருந்தார். எல்லோருடைய கண்ணும் அப்பாவின் மீசைக்குப் போனது.

அப்பா வலது கையை நீட்டினார். “சீக்கிரம் கட்டுங்க” என்றார்.

சித்தப்பாவை ஆட்டோவில் ஏற்றும்போது நான் பக்கத்தில் நின்றேன். அவர் என்னைப் பார்த்து, “காட்டிக் குடுத்துட்டியே பாப்பா” என்றார். கேலியாகச் சொன்னாரா, கோபமா என்று தெரியவில்லை. ஆட்டோ இறக்கத்தில் இறங்கிப் பாலத்தைத் தாண்டியது. அம்மா கூடப் போனாள். அப்பாவால் போக முடியவில்லை. இப்போது காப்பு அவர் கையில் இருந்தது. பாலத்துக்கு இந்தப் பக்கம் வரை நடந்து போய், ஆட்டோ வளைவில் மறையும் வரை நின்றுவிட்டு வந்தார்.

அன்று சாயந்திரம் அப்பா மீசையை எடுத்தார். கண்ணாடியைப் பார்க்காமல் எடுத்ததால் மேலுதட்டில் இரண்டு இடத்தில் வெட்டு. நான் முதல்முறையாக அவருடைய மேலுதட்டைப் பார்த்தேன், அது சித்தப்பாவுடையது போலவே இருந்தது. சேலையைக் கட்டிவிட்டார்கள். ரோமம் அடர்ந்த அந்தக் கால்களுக்கு நான்தான் சலங்கை கட்டினேன். ஆட்டம் என்று சொல்ல முடியாது; மிஷினைப் போட்டது போல ஒரே அளவில் காலை எடுத்து வைத்தார். முகத்தில் ஒரு பாவமும் கிடையாது. ரதி ஸ்டோரிலிருந்து நேரே வந்துட்டா போலிருக்கு என்று யாரோ சொல்ல, கூட்டம் சிரித்தது. அப்பா ஆடிக்கொண்டே இருந்தார். ஒரு நாள்கூட அடி தப்பவில்லை. எனக்குத்தான் சலங்கைச் சத்தம் கேட்கும்போதெல்லாம் ‘காட்டிக் குடுத்துட்டியே’ என்று கேட்டது.

மன்மதன் எரிவதற்கு முதல் நாள் மத்தியானம் சித்தப்பா திரும்பி வந்தார். குச்சித் துண்டை வெட்டி எடுத்துவிட்டார்களாம். முகம் ஒட்டிப்போயிருந்தது. இஸ்தோப்புத் திண்ணையில் சாக்கைப் போட்டு உட்கார வைத்தார்கள். வாசலில் அப்பா சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு அடவு பழகிக்கொண்டிருந்தார். இருவரும் பார்த்துக்கொண்டார்கள். சித்தப்பா கையைத் தட்டித் தாளம் போட ஆரம்பித்தார். அப்பா அந்தத் தாளத்துக்குக் காலை எடுத்து வைத்தார். அவ்வளவுதான் அவர்கள் பேசிக்கொண்டது.

நான் தூரத்திலேயே நின்றேன். “வாடி எல்லைக்காரி” என்று கூப்பிட்டார். பழைய குரல்தான். எனக்கு உயிர் வந்தது. ஓடிப்போய் உட்கார்ந்தேன். கம்பிளியை விலக்கிக் காலைக் காட்டினார். வீக்கம் வற்றி, தோல் வெங்காயச் சருகு போல் உரிந்துகொண்டிருந்தது. என் மூன்று நீலக் கோடுகளும் அப்படியே இருந்தன. அழியாமல் இருப்பதற்காக யாரோ அவற்றின் மேலேயே திரும்பத் திரும்ப எழுதியிருந்தார்கள். அது மட்டுமல்ல, புதிதாகக் கறுப்பு மையில் ஐந்து கோடுகள். நாலு கோடுகள் என் கோடுகளுக்கு ஊடே ஒன்றுக்குள் ஒன்றாகச் சுருங்கிக்கொண்டே போய்க் கணுக்காலில் ஒரு சின்ன வட்டமாக முடிந்தன. ஒரு கோடு மட்டும் என் மூன்றாவது கோட்டுக்கும் வெளியே, இரண்டு விரல் தள்ளி, கோணல்மாணலாகப் போயிருந்தது.

என்னைப் போலவே சித்தப்பாவும் விளையாடியிருக்கிறார் என்று எனக்கு ஒரே குஷி. ஆனால் அந்த ஒற்றைக் கோடு கண்ணை உறுத்தியது. மற்றதெல்லாம் உள்ளே ஒழுங்காக இருக்கும்போது இது மட்டும் ஏன் வெளியே?

“ஒன்னு வெளிய போயிருச்சு சித்தப்பா. ஒங்களுக்கு ஒழுங்காப் போடத் தெரியல.”

“ஆமாடி. அன்னைக்கி பேனா வழுக்கிருச்சு” என்றார்.

பேனா வழுக்கவில்லை. அந்தக் கோடுதான் அவர் போட்ட முதல் கோடு என்பது எனக்குப் பல வருஷம் கழித்து, பரிசோதனைக்கூடத்தில் வேறு யாருடைய இரத்தத்தையோ பார்த்துக்கொண்டிருந்தபோது உறைத்தது. அது ஆஸ்பத்திரியில் அவர் விழித்த முதல் காலை. ஊசி ஏற்றி ஒரு ராத்திரி கழிந்திருக்கும். மருந்து பிடிக்க ஒரு நாள் எடுக்கும், அதற்குள் சிவப்பு இன்னும் கொஞ்சம் ஏறத்தான் செய்யும் என்பது எனக்குத் தெரியும். அவருக்கு யார் சொன்னார்கள்? காப்பை அவிழ்த்துக் கொடுத்துவிட்டுப் பாலத்தைத் தாண்டி வந்த மனிதர், யாரிடமோ பேனா கேட்டு வாங்கி, என்னை மாதிரியே கட்டைவிரலால் அழுத்தி அழுத்திப் பார்த்து, அது இன்னும் மேலேதான் போகிறது என்று கண்டு, அந்த இடத்தில் கோடு போட்டிருக்கிறார். கேலி செய்வதற்குப் பக்கத்தில் ஆள் இல்லை. அடுத்த காலை வரை அதைப் பார்த்துக்கொண்டே கிடந்திருப்பார்.

இதெல்லாம் தெரியாத நான் உள்ளே போய் ஈரத்துணி கொண்டு வந்தேன். அழகைக் கெடுக்கும் அந்தக் கோட்டைத் தேய்த்து அழித்தேன். சுலபத்தில் போகவில்லை, சோப்புப் போட வேண்டியிருந்தது. தோல் உரிந்த கால், வலித்திருக்கும். சித்தப்பா தாளம் போடுவதை நிறுத்திவிட்டு, நான் முடிக்கும் வரை அசையாமல் காலை நீட்டிக்கொண்டே இருந்தார்.

“இப்ப சரியா இருக்கு” என்றேன்.

அவர் குனிந்து பார்த்தார். “சரியா இருக்கு பாப்பா” என்றார்.